எதிர்ப்பக்கக் கணக்கு

அப்பாவின் கடையில் ஒன்று என்ற எண்ணே கிடையாது. சாக்கைப் பிரித்து அரிசியைப் படியால் அளக்கும்போது முதல் படிக்கு "லாபம்" என்பார். அடுத்தது இரண்டு, பிறகு மூன்று. எங்கள் பக்கத்தில் பழைய வியாபாரிகள் நிறையப் பேர் அப்படித்தான் எண்ணுவார்கள். ஒன்றாம் வகுப்பில் டீச்சர் மணிச்சட்டத்தைக் காட்டி எண்ணச் சொன்னபோது நானும் "லாபம், ரெண்டு, மூணு" என்று ஆரம்பித்து வகுப்பே சிரித்த கதையை வீட்டில் இன்னும் சொல்வார்கள்.

விருதுநகரிலிருந்து பஸ்ஸில் முக்கால் மணி நேரத்தில் வரும் சிற்றூர் எங்களுடையது. அப்பாவுக்குக் கடைத்தெருவில் பலசரக்குக் கடை. முன்னால் மிட்டாய் பாட்டில்கள், பக்கத்தில் தராசு, உள்ளே பருப்பும் வத்தலும் மூட்டை மூட்டையாக. நான் படித்தது இன்ஜினியரிங். வேலை பார்ப்பது பணப் பரிவர்த்தனை மென்பொருளில். ஒருவர் கணக்கிலிருந்து போன ரூபாய் இன்னொருவர் கணக்கில் வந்து சேர்ந்ததா என்று சரிபார்க்கும் நிரல்களை எழுதுகிறேன். ஒருவகையில் நானும் கல்லாவில்தான் உட்கார்ந்திருக்கிறேன்.

2019இல் ஒரு புராஜெக்ட்டுக்காக நாலு மாதம் இத்தாலியில், பொலோஞ்ஞாவில் இருந்தேன். சனிக்கிழமைகளில் ரயில் பிடித்து எங்காவது போய்விடுவேன். ஃப்ளோரன்ஸுக்குப் போகும் வழியில் பிராத்தோ என்று ஒரு ஊர். சுற்றுலாப் பயணிகள் பெரும்பாலும் இறங்காத நிலையம். நான் இறங்கியதற்குக் காரணம் ஒரு புத்தகம். ஐரிஸ் ஒரிகோ 1957இல் வெளியிட்ட, பிராத்தோவின் வணிகர் ஒருவரைப் பற்றிய நூலை அலுவலக நண்பர் ஒருவர் கொடுத்திருந்தார். அந்த வணிகர் பெயர் பிரான்செஸ்கோ தாத்தினி. 1335 வாக்கில் பிறந்து 1410இல் இறந்தவர்.

அவர் வீடு இன்னமும் இருக்கிறது. வெளிச்சுவரில் அவர் வாழ்க்கையை வரைந்திருந்த சித்திரங்கள் மழையிலும் வெயிலிலும் கரைந்து, இப்போது வெறும் கோட்டுத் தடங்கள். உள்ளே போனேன். பெரிய வீடுதான், ஆனால் அரண்மனை என்று சொல்ல முடியாது. கடை வைத்துச் சம்பாதித்த மனுஷன் கட்டிய வீடு என்று பார்த்ததுமே தெரிந்தது. இடத்தை வீணாக்காத கட்டடம்.

*

தாத்தினி அரசர் இல்லை, போர்வீரர் இல்லை, புனிதரும் இல்லை. அப்பா சத்திரம் நடத்தியவர். 1348இல் கொள்ளைநோய் வந்தபோது அப்பா, அம்மா, உடன்பிறந்தவர்கள் இருவர் என்று குடும்பம் போய்விட்டது. மிஞ்சியது இவரும் ஒரு தம்பியும். பதினைந்து வயதில் அவிஞோனுக்குப் போகிறார். அப்போது போப்பாண்டவர் ரோமில் இல்லை, அங்கேதான் இருந்தார். போப் இருக்கும் இடத்தில் கர்தினால்கள், தூதர்கள், கூலிப்படைகள் எல்லாம் வந்து சேரும். அவர்கள் எல்லோருக்கும் ஏதாவது வாங்க வேண்டியிருக்கும். பையன் கவசமும் ஆயுதமும் விற்றார். பிறகு உப்பு, துணி, சித்திரங்கள். முப்பது வருடத்துக்கு மேல் அங்கே இருந்து, காசு சேர்த்து, ஊர் திரும்பினார். பிறகு பீசா, ஃப்ளோரன்ஸ், ஜெனோவா, பார்சலோனா, வலென்சியா, மயோர்க்கா என்று கிளைகள்.

இப்படி எத்தனையோ வியாபாரிகள் இருந்திருப்பார்கள். இவரை மட்டும் நமக்குத் தெரிவதற்குக் காரணம், இவர் காகிதத்தைத் தூக்கிப் போடாதவர். கிளை ஆட்களுக்கும் எதையும் தொலைக்காதே என்பதுதான் உத்தரவு. தன் காகிதங்களெல்லாம் வீட்டிலேயே பத்திரமாக இருக்க வேண்டும் என்று உயிலில் எழுதிவைத்தார். நானூற்றைம்பது வருஷம் கழித்து, 1870இல், படிக்கட்டுக்கு அடியில் சாக்குகளில் அவை கிடைத்தன. சுமார் 1,50,000 கடிதங்கள், 500க்கு மேற்பட்ட கணக்குப் புத்தகங்கள். கூடவே கூட்டு ஒப்பந்தங்கள், கடல் காப்பீட்டுப் பத்திரங்கள், உண்டியல்கள். கோவில் உண்டியல் இல்லை. நம் வியாபாரிகள் ஓர் ஊரில் காசு கட்டி இன்னோர் ஊரில் வாங்கிக்கொள்ள எழுதினார்களே, அந்த உண்டியல். அங்கேயும் அதே ஏற்பாடு வேறு பெயரில் நடந்திருக்கிறது.

அவர் கணக்குப் புத்தகங்களின் முதல் பக்கத்தில் கடவுளையும் லாபத்தையும் ஒரே மூச்சில் கும்பிட்டிருக்கிறார். அதைக் கண்ணாடிக்குப் பின்னால் பார்த்ததும் எனக்கு அப்பாவின் பேரேடு ஞாபகம் வந்தது. மேலே பிள்ளையார் சுழி, அதற்குக் கீழே லாபம் என்று ஒரு சொல்.

அன்று ராத்திரி அப்பாவுக்குப் போன் பண்ணினேன். அப்பாவோடு பேசுவதற்கு எனக்கு எப்போதும் விஷயம் கிடைக்காது. அவர் "அங்க துவரம்பருப்பு என்ன விலை?" என்று கேட்பார், நான் சொல்வேன், அவர் "அநியாயம்" என்பார், முடிந்துவிடும். அன்றைக்கு முதல் தடவையாகச் சொல்ல ஏதோ இருந்தது. தாத்தினியைப் பற்றிச் சொன்னேன். கவனமாகக் கேட்டார்.

"எல்லாக் காகிதத்தையுமா வச்சிருந்தான்?"

"ஆமாப்பா. ஒண்ணு விடாம."

கொஞ்ச நேரம் சத்தமில்லை. பிறகு சொன்னார்: "வியாபாரி அப்படி எல்லாத்தையும் வைக்கப்படாது."

தொழில் ரகசியத்தைச் சொல்கிறார் என்று நினைத்துச் சிரித்தேன்.

*

இடைக்கால நகரம் என்றால் எனக்கு அதுவரை கோட்டை, குதிரை, கதீட்ரல் இவைதான். இந்தக் கடிதங்களில் இருப்பது வேறு ஊர். மணிச் சத்தத்தில் எழுந்து மணிச் சத்தத்தில் கடையை அடைக்கும் ஊர். பிராத்தோவில் தொழில் என்றால் கம்பளி. பிசென்சியோ ஆற்றிலிருந்து வாய்க்கால் வெட்டி, அந்தத் தண்ணீரில் துணி மிதிக்கும் ஆலைகளை ஓட்டியிருக்கிறார்கள். ஸ்பெயின் பக்கத்துத் தீவுகளில் ஆட்டு ரோமம் வாங்கி, கப்பலில் ஏற்றி, பீசாவில் இறக்கி, சுங்கம் கட்டி, ஊருக்குக் கொண்டுவர வேண்டும். அலச வேண்டும், அடித்துச் சிக்கெடுக்க வேண்டும். சுற்றுக் கிராமத்துப் பெண்களிடம் நூற்கக் கொடுக்க வேண்டும். நெய்து, மிதித்து, சாயம் போட்டு, மேல்ரோமம் கத்தரித்து, மடித்துக் கட்டி, திரும்ப அதே கப்பல் பாதையில் விற்க அனுப்ப வேண்டும். ஒரு சரக்கு ரோமமாகக் கிளம்பித் துணியாக விற்று முடிக்க மூன்று வருஷத்துக்கு மேல் ஆன கதையை ஒரிகோ எழுதியிருக்கிறார். அவ்வளவுக்கும் கிடைத்த லாபம் பத்து சதவீதத்தைத் தொடவில்லை.

மூன்று வருஷம் பணம் கண்ணில் படாமல் எங்கோ கடலிலும் கிராமத்திலும் கிடக்கிறது. அந்த மூன்று வருஷமும் அது எங்கே இருக்கிறது என்று வியாபாரிக்குத் தெரிய வேண்டும். அதற்குத்தான் கடிதங்கள். ஒரே கடிதத்தைப் படியெடுத்து வேறுவேறு ஆட்களிடம் கொடுத்து அனுப்புவார்கள், ஒன்றாவது போய்ச் சேரட்டும் என்று. வந்த கடிதத்தின் முதுகில் வந்து சேர்ந்த தேதியைக் குறிப்பார்கள். நாங்கள் இன்று கணினிகளுக்கிடையே செய்திகளை அனுப்பும்போது செய்வதும் இதைத்தான். திரும்பத் திரும்ப அனுப்பு, நேரத்தைக் குறி.

அதற்குத்தான் இரட்டைப் பதிவுக் கணக்கும். பற்று ஒரு பக்கம், வரவு ஒரு பக்கம், ஒவ்வொரு கொடுக்கல் வாங்கலும் இரண்டு இடத்தில். லூக்கா பாச்சியோலி அதை 1494இல் அச்சுப் புத்தகத்தில் விளக்கினார். தாத்தினியின் ஆட்கள் அதற்கு நூறு வருஷம் முன்பே அப்படி எழுதிக்கொண்டிருந்தார்கள்.

இவ்வளவு கணக்குக்கு நடுவே ஒரு மனைவியும் இருந்தார். மார்கெரித்தா. கல்யாணத்தின்போது அவருக்குப் பதினாறு வயது இருக்கலாம், தாத்தினிக்கு நாற்பதைத் தாண்டியிருந்தது. குழந்தை இல்லை. தாத்தினி வியாபாரத்துக்காக ஃப்ளோரன்ஸில் இருப்பார், மார்கெரித்தா பிராத்தோவில் வீட்டைப் பார்ப்பார். இடையே இருபது கிலோமீட்டர்கூட இல்லை. ஆனாலும் கடிதத்தில்தான் குடித்தனம். கோவேறு கழுதைக்குத் தீனி வை, ஒயின் பீப்பாயைப் பார், முட்டை அனுப்பு, கதவை ஒழுங்காகப் பூட்டு. பாதிக் கடிதங்களில் எதை மறந்தாய் என்ற திட்டு. மார்கெரித்தாவும் சளைத்தவர் இல்லை, திருப்பிக் கொடுப்பார்.

ஆனால் அவருக்குச் சரியாக எழுத வராது. கடையில் இருக்கும் ஆட்களைக் கூப்பிட்டுச் சொல்லி எழுதவைக்க வேண்டும். புருஷனிடம் சொல்ல வேண்டியதையெல்லாம் ஓர் இளைஞனின் காது வழியாக, கை வழியாக. முப்பது வயதுக்கு மேல் உட்கார்ந்து எழுதப் பழகினார். குடும்பத்துக்கு வேண்டிய நோட்டரி லாப்போ மாட்செய்யே அதைப் பார்த்து அசந்துபோனார். மார்கெரித்தாவின் கடிதங்கள் மட்டும் இருநூற்றைம்பது போல இன்று கிடைக்கின்றன. தாத்தினி சொன்னது மட்டுமே கிடைத்திருந்தால் பிராத்தோ வீட்டில் ஒரு கவனமில்லாத பெண் இருந்தாள் என்றுதான் நாம் நம்பியிருப்போம்.

*

2021 மே மாதம் அப்பா போனார். இரண்டாம் அலை. ஆஸ்பத்திரியில் ஆறு நாள். கடைசியாகப் பேசியது வீடியோ அழைப்பில், ஆக்சிஜன் முகமூடிக்கு உள்ளேயிருந்து. என்ன சொன்னார் என்று கேட்கவில்லை.

கடையை இனி நடத்த ஆள் இல்லை. ஊரடங்கு தளர்ந்த பிறகு சரக்கைப் பக்கத்துக் கடைக்காரருக்குக் கொடுத்துவிட்டு, கணக்கை முடிக்க உட்கார்ந்தேன். கடன் நோட்டில் நாற்பத்துச் சொச்சம் பேர் இருந்தார்கள். ஆயிரம், எழுநூறு, நாலாயிரத்து முந்நூறு. பட்டணத்துப் பெருந்தன்மையில் அம்மாவிடம் சொன்னேன்.

"எல்லாத்தையும் தள்ளுபடி பண்ணிருவோம்மா. இந்த நேரத்துல போய் யாருகிட்ட கேக்க."

அம்மா ஒத்துக்கொள்ளவில்லை. "தள்ளுபடின்னு நீ சொன்னா அவங்க எப்பவும் கடன்காரங்கதான். கேக்காண்டாம். நோட்டு இருக்குன்னு மட்டும் சொல்லு. முடிஞ்சவங்க தருவாங்க."

சொன்னோம். முக்கால்வாசிப் பேர் தந்தார்கள். ஒரு பாட்டி நூற்று இருபது ரூபாயைப் புடவை முடிச்சிலிருந்து எடுத்துக் கொடுத்துவிட்டு, பெயரை அடிக்கச் சொல்லி நின்று பார்த்துவிட்டுப் போனார்.

அதற்குப் பிறகுதான் அம்மா தன் நோட்டைக் கொண்டுவந்தார். அப்படி ஒன்று இருப்பதே எனக்குத் தெரியாது. அம்மா படித்தது மூன்றாம் வகுப்பு. எண் நன்றாக வரும், எழுத்து தடுமாறும். அப்பா கொள்முதலுக்கு விருதுநகர் போகும் நாட்களில் கடையில் அம்மாதான். அந்த நாட்களின் கணக்கைப் பழைய பள்ளி நோட்டுகளின் மிச்சப் பக்கங்களில் எழுதியிருக்கிறார். ஆட்களின் பெயருக்குப் பதில் படம். வேப்பமரத்து வீட்டுக்கு மரம், தையல்காரருக்குக் கத்திரி, வாத்தியாருக்குக் கண்ணாடி.

ஒரு பக்கத்தில் பனைமரம். பக்கத்தில் 250, 250 என்று பதினாலு முறை. கீழே 3,500. அடிக்கப்படவில்லை.

"இது யாரும்மா?"

"நம்ம கடைப் பையன்."

*

கடைப் பையன் என்றே இங்கேயும் சொல்கிறேன், பெயர் வேண்டாம். 1994இல் பத்து வயதில் வந்தார். பனங்காட்டுக் கிராமம். என்னைவிட மூன்று வயது மூத்தவர். மூட்டை மேல்தான் படுப்பார். எனக்குச் சைக்கிள் விடக் கற்றுக் கொடுத்தவர். மாசச் சம்பளத்தை அப்பா கையில் தருவதில்லை. சேர்த்து வைத்து, பொங்கலுக்கோ தீபாவளிக்கோ ஊரிலிருந்து வரும் அவர் அய்யாவிடம் கொடுப்பார். அப்பாவின் பேரேட்டில் அந்தச் சம்பளம் ஆட்கள் பக்கத்தில் இல்லை. செலவுப் பக்கத்தில், சாக்கு, சணல், விளக்கெண்ணெய் என்ற வரிசையில் "பையன்" என்று இருந்தது.

2001 தீபாவளிக்கு இரண்டு வாரம் முன்னால் கல்லாவில் 1,200 ரூபாய் குறைந்தது. அப்பா மூன்று தடவை எண்ணினார். பிறகு என்னைக் கூப்பிட்டார். "மத்தியானம் அவன் கல்லாப்பெட்டிகிட்ட நின்னதைப் பாத்தியா?" எனக்குப் பதினாலு வயது. அவர் தினமும் அந்தப் பெட்டியைத் துடைப்பார், அன்றும் துடைத்தார். "பாத்தேன்" என்றேன். பொய் இல்லை. அவ்வளவுதான் கேட்டார்கள், அவ்வளவுதான் சொன்னேன். அன்று சாயங்காலமே அவர் போய்விட்டார். பதினாலு மாசச் சம்பளமும் நின்றுபோனது.

அப்பாவின் மேஜைக்கு மேலே கொக்கிக் கம்பி தொங்கும். பில்களை அதில் குத்திவைப்பார். நிறைந்ததும் கட்டாகக் கட்டிப் பரணில் போடுவார். 2001ஆம் வருஷக் கட்டைப் பிரித்தேன். தேடியது ஒரு மணி நேரம்கூட இல்லை. வத்தல் மண்டிச் சிட்டை, அதே தேதி, ரொக்கம் வரவு 1,200. அப்பாவின் அன்றாடக் குறிப்பில் அந்த நாளில் மண்டிக்குக் கொடுத்ததாக ஒரு வரியும் இல்லை. கொடுத்துவிட்டு எழுத மறந்திருக்கிறார்.

அம்மாவிடம் காட்டினேன். "தெரியும்" என்றார்.

"அப்பாவுக்கு?"

"பெறகு தெரியும். மண்டிக்காரரு கணக்குச் சொல்லும்போது தெரிஞ்சிருச்சு. நான் கேட்டேன். பேசல. அதுக்கப்புறம்தான் நான் எழுதி வச்சேன்."

அந்தச் சிட்டையை அப்பா கிழித்துப் போட்டிருக்கலாம். எல்லாவற்றையும் வைக்கக் கூடாது என்று சொன்ன மனுஷன் இதை ஏன் வைத்திருந்தார் என்று நான் பலமுறை யோசித்துவிட்டேன். மறந்திருக்கலாம். மறக்காமலும் இருந்திருக்கலாம்.

இரட்டைப் பதிவு இருந்தால் இந்தத் தவறு பிடிபட்டிருக்கும் என்று முதலில் நினைத்தேன். இல்லை. இரண்டு பக்கத்திலும் எழுதாமல் விட்டால் இரண்டு பக்கமும் சமமாகத்தான் இருக்கும். கல்லா மட்டும் குறையும், யார் மேலாவது பழி விழும். இதை என் சொந்தப் புத்தகம் எனக்குச் சொல்லாது. எதிர்ப்பக்கத்து ஆள் வைத்திருக்கும் புத்தகத்தோடு ஒத்துப் பார்த்தால்தான் தெரியும். என் வேலையின் சாரமே அதுதான். மண்டிக்காரரிடம் புத்தகம் இருந்தது. அதனால் மண்டிக்காரரை அப்பா ஒருநாளும் சந்தேகப்படவில்லை. பையனிடம் புத்தகம் இல்லை.

அப்போது எனக்கு லூச்சியா ஞாபகம் வந்தார். புத்தகம் படிக்கும்போது அவரை வேகமாகக் கடந்து போயிருந்தேன். தாத்தினி வீட்டு அடிமைப் பெண். அந்தக் காலத்து ஜெனோவாவிலும் ஃப்ளோரன்ஸிலும் கருங்கடல் பக்கத்திலிருந்து பிடித்து வந்த பெண்களையும் சிறுமிகளையும் விற்றார்கள். தாத்தினியின் காகிதங்களில், கப்பலில் ஏற்றிய சரக்குப் பட்டியலில், மற்ற பொருட்களோடு அவர்களும் வருகிறார்கள். 1392இல் தாத்தினிக்கும் லூச்சியாவுக்கும் ஜினெவ்ரா என்ற பெண் பிறந்தாள். லூச்சியாவை விடுதலை செய்து வேலையாள் ஒருவருக்குக் கல்யாணம் செய்துவைத்தார்கள். குழந்தையைச் சில வருஷம் கழித்து மார்கெரித்தா தன் பெண்ணாக வளர்த்தார். 1407இல் 1,000 ஃப்ளோரின் சீதனத்தோடு கல்யாணம் நடந்தது. ஒரு லட்சத்து ஐம்பதாயிரம் கடிதங்களில் லூச்சியாவைப் பற்றி மற்றவர்கள் எழுதியதுதான் உண்டு.

தாத்தினி சாகும்போது அடிமைகளை விடுவித்தார். சுமார் 70,000 ஃப்ளோரினை ஊர் ஏழைகளுக்கான அறக்கட்டளைக்கு எழுதிவைத்தார். ஃப்ளோரன்ஸில் அநாதைக் குழந்தைகளுக்கு இல்லம் அமைக்க 1,000 ஃப்ளோரின். நகரசபைக்கு எதிரே சிலை வைத்திருக்கிறார்கள். பெரிய மனசுதான். ஆனால் அறம் என்பது ஊருக்குப் பொதுவாகக் கொடுப்பது. கடன் ஒரு ஆளுக்குக் கொடுக்க வேண்டியது. ஒன்றைக் கொடுத்து மற்றதை அடிக்க முடியாது. கடன் நோட்டைத் தள்ளுபடி செய்யப் பார்த்த எனக்கும் அந்த வித்தியாசம் அதுவரை தெரியவில்லை.

*

அவரைக் கண்டுபிடிக்க நாலு பேரிடம் விசாரித்தால் போதுமானதாக இருந்தது. இருபது வருஷமாக நாங்கள் அதைச் செய்யவில்லை, அவ்வளவுதான். சாத்தூர்ப் பக்கம் சொந்தமாகக் குட்டியானை வண்டி வைத்து லோடு அடிக்கிறார். வண்டியின் பின்கதவைத் திறந்து போட்டு அதன் மேல் உட்கார்ந்திருந்தார். என்னை அடையாளம் தெரிந்துகொண்டார்.

"வா தம்பி. அண்ணாச்சி தவறிட்டாருன்னு கேள்விப்பட்டேன். வர முடியல, ஊரடங்கு."

சிட்டையைக் காட்டினேன். அம்மாவின் நோட்டையும் காட்டினேன். அவர் சிட்டையைப் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தார். நோட்டை ரொம்ப நேரம் வைத்திருந்தார். பனைமரத்தின் மேல் கட்டைவிரலை வைத்துப் பார்த்தார்.

"அம்மாவா வரைஞ்சாங்க?"

"ஆமாண்ணே."

நான் சொல்ல வந்ததைச் சொன்னேன். அன்றைக்கு அப்பா கேட்டதும் நான் சொன்னதும். துடைக்கத்தான் நின்றார் என்று சேர்த்துச் சொல்லியிருக்கலாம், சொல்லவில்லை.

"சின்னப் பையன் நீ" என்றார். பிறகு, "போகும்போது உன்னையத்தான் பாத்தேன். நீ தலையைத் தூக்கல. அதான் ஞாபகம் இருக்கு" என்றார்.

கோபமாகச் சொல்லவில்லை. கோபமாகச் சொல்லியிருந்தால் எனக்கு லேசாக இருந்திருக்கும்.

நான் கணக்குப் போட்டுக் கொண்டுபோயிருந்தேன். 12 சதவீதம் கூட்டுவட்டி, 20 வருஷம், 33,762 ரூபாய். கவரை நீட்டினேன். தொகையைக் கேட்டார், சொன்னேன்.

"இந்தக் கணக்கு யாரு போட்டது?"

"நான்தாண்ணே."

"அப்ப இது உன் கணக்கு. நீ வச்சுக்கோ. அம்மா கணக்கு மட்டும் குடு."

ஏழு ஐந்நூறு ரூபாய் நோட்டுகளை எடுத்துக் கொடுத்தேன். வாங்கி, விரலை நனைத்து எண்ணினார். அளக்கவும் எண்ணவும் எங்கள் கடையில் கற்றுக்கொண்டவர் அவர். என்னைவிடச் சத்தமாக "லாபம்" என்று கத்துவார். அன்று, "ஒண்ணு, ரெண்டு, மூணு" என்று எண்ணினார்.

ராத்திரி வீடு திரும்பியதும் அம்மா நோட்டைக் கேட்டார். என்ன சொன்னான், எப்படி இருக்கான், எத்தனை பிள்ளைகள் என்று எல்லாம் விசாரித்தார். வட்டி வாங்கவில்லை என்றதும் ஒன்றும் சொல்லவில்லை. பென்சிலை எடுத்து 3,500க்குக் குறுக்கே ஒரு கோடு போட்டார். பனைமரத்தை அடிக்கவில்லை.